மிலானில் வியாகுல மாதா முன்

ரோமில் புனித பேதுரு பேராலயத்துக்குள் நுழைந்ததும் வலதுபுறம் முதல் சிற்றாலயத்தில் பியெத்தா இருக்கிறது. இறந்த மகனை மடியில் கிடத்திய வியாகுல மாதா. மைக்கேலாஞ்சலோ இருபதுகளின் நடுவில் செதுக்கியது. 1972-இல் ஒருவன் சுத்தியலால் அடித்ததிலிருந்து கண்ணாடிக்குப் பின்னால்தான். மாதாவின் மார்பின் குறுக்கே ஓடும் பட்டையில் சிற்பி தன் பெயரையும் வெட்டியிருக்கிறார். அழகைப் பார்த்தபடியே நின்றுவிட்டேன், ஜெபம் வரவில்லை.

ஜெபம் வந்தது மிலானில். ஸ்ஃபோர்சா கோட்டையில் ஒரு கூடம் முழுக்க ஒரே சிலைக்கு. அதே மைக்கேலாஞ்சலோவின் ரொண்டானினி பியெத்தா. உள்ளே போனால் முதலில் தெரிவது அதன் முதுகுதான். சுற்றி வந்து முன்னால் நின்றேன். முகங்கள் பாதிதான் கல்லிலிருந்து வெளியே வந்திருக்கின்றன. நின்றபடியே மகனைப் பின்னாலிருந்து தாங்குகிறார் மாதா. பக்கவாட்டில் போய்ப் பார்த்தால் மகன்தான் தாயை முதுகில் சுமப்பதுபோல இருக்கிறது. என் அம்மாவைக் கடைசி நாட்களில் இப்படித்தான் பின்னாலிருந்து கைகொடுத்து எழுப்புவேன்.

ஓரத்தில் ஒரு கை, உடலோடு சேராமல் தனியாக நிற்கிறது. முதலில் செதுக்கிய இயேசுவின் கை அது, மெருகுகூடக் குறையவில்லை. அப்புறம் மனம் மாறி, மாதாவின் உடலுக்கென இருந்த கல்லிலேயே மகனைப் புதிதாக வெட்டியிருக்கிறார். அதனால்தான் இருவரும் இவ்வளவு ஒட்டி நிற்கிறார்கள்.

அப்போது அவர் எண்பதைத் தாண்டியவர். பேதுரு ஆலயத்தைக் கட்டும் பொறுப்பும் அவரிடம்தான் இருந்தது. எழுபதுக்கு மேல் ஏற்றுக்கொண்ட அந்த வேலைக்குச் சம்பளம் வேண்டாம் என்றவர். இரவில் தூக்கம் வராவிட்டால் காகிதத் தொப்பியில் மெழுகுவர்த்தியைச் செருகிக்கொண்டு செதுக்குவாராம். அவரோடு பழகிய ஓவியர் வசாரி எழுதி வைத்திருக்கிறார். 1564 பிப்ரவரி 18-இல் இறந்தபோது வயது 88. அதற்குச் சில நாள் முன்புவரை இந்தக் கல்லில் உளி வைத்திருக்கிறார். முடியாது என்று அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்?

ஜெபமாலையை எடுத்து, நின்றபடியே, இயேசுவின் பாடுகளைத் தியானிக்கும் துக்க தேவ ரகசியங்கள் ஐந்தையும் சொன்னேன். நான்காவதில், சிலுவை சுமக்கிற இடத்தில், குரல் அடைத்துக்கொண்டது. கொஞ்சம் பொறுத்துத் தொடர்ந்தேன்.

கிளம்புமுன் இன்னொரு தடவை பின்பக்கம் போனேன். மாதாவின் வளைந்த முதுகில் சீப்பால் வாரியதுபோல உளிக் கோடுகள், மேலிருந்து கீழாக.