கீட்டனின் முகம், கபூரியின் வீடுகள்

அமெரிக்க மௌனப் பட நகைச்சுவைக்காரர் பஸ்டர் கீட்டன் படம் எதைப் போட்டாலும் நான் அந்த முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருப்பேன். சிரிக்காது, பதறாது. சின்னப் பையனாக அப்பா அம்மாவோடு மேடையில் உருண்டு விழுந்த காலத்திலேயே, தான் சிரித்தால் கூட்டம் சிரிப்பதில்லை என்று கண்டுகொண்டவர். போன வாரம் நாலைந்து படங்களை வரிசையாகப் பார்த்தபோது கண் முகத்தை விட்டுப் பின்னாலிருந்த வீட்டுக்குப் போய்விட்டது.

வீட்டைக் கட்டியவர் ஃபிரெட் கபூரி. டைட்டிலில் 'டெக்னிகல் டைரக்டர்' என்று வரும், நாம் யாரும் படிக்காத வரி. 1920-களில் கீட்டன் எடுத்த பெரிய படங்கள் எல்லாவற்றிலும் இவர் கை இருக்கிறது. 'ஒன் வீக்' படத்தில் (1920) புதுசாகக் கல்யாணமானவர்கள் தாங்களே கட்டும் வீடு கோணல்மாணலாக எழும்புகிறதே, அதைச் சுழல்மேடை மேல் வைத்துப் புயலில் பம்பரமாகச் சுற்ற வைத்தார்கள். வீடு ஆடும் ஆட்டத்தைப் பார்த்தால் கீட்டன் காட்டாத திகைப்பை எல்லாம் அதுவே காட்டிவிடுகிறது. நடிப்பைப் பாதி வீட்டிடம் கொடுத்துவிட்டார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

எல்லாம் ஒழுங்காக நடந்தது என்று நினைக்க வேண்டாம். 'எலெக்ட்ரிக் ஹவுஸ்' எடுக்கும்போது நகரும் படிக்கட்டில் ஷூ சிக்கி கீட்டனுக்குக் கணுக்கால் உடைந்தது. அப்புறம் 1924-ல் 'நேவிகேட்டர்'. வேறொரு படத்துக்குக் கப்பல் தேடப் போன கபூரி, உடைக்கப் போகவிருந்த புஃபோர்டு என்ற பழைய கப்பலைப் பார்த்துவிட்டு வந்து சொல்ல, கதையே அதற்குப் பிறகுதான் பிறந்தது! முதலில் கப்பல், பிறகு கதை. அந்தப் படத்தின் நீருக்கடிக் காட்சிக்காக ஒரு நீச்சல் குளத்தின் சுவரை உயர்த்தித் தண்ணீரை ஏற்றினார்கள், கனம் தாங்காமல் குளத்தின் அடித்தளம் போய்விட்டது. கடைசியில் டாஹோ ஏரியின் உறைய வைக்கும் தண்ணீரில் எடுத்தார்கள்.

எல்லோருக்கும் தெரிந்த காட்சி 1928-ல் வந்த 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தில் வருவது. சாக்ரமென்டோ ஆற்றங்கரையில் ஒரு ஊரையே போட்டிருந்தார்கள். கதையில் முதலில் வெள்ளம்தான் இருந்தது. 1927-ல் மிசிசிப்பி நிஜமாகவே பெருக்கெடுத்துப் பலரைக் கொன்றதால் சூறாவளியாக மாற்றினார்கள். வீட்டின் முன்சுவர் மொத்தமும் அப்படியே சாய்கிறது, திறந்த ஜன்னல் கீட்டனைச் சுற்றி விழுகிறது. இரண்டு டன் என்பார்கள். உடம்புக்கும் ஜன்னல் சட்டத்துக்கும் நடுவே சில அங்குலம்தான் இடைவெளி, நிற்க வேண்டிய இடத்தில் ஒரு ஆணி அடித்து அடையாளம். ஆணி தள்ளிப் போயிருந்தால்? படப்பிடிப்புக் குழுவிலேயே சிலர் பார்க்க முடியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டார்களாம்.

இதைத்தான் நான் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். இப்படி அசையாமல் நிற்க வேண்டுமென்றால் தச்சுவேலையை எவ்வளவு நம்பியிருக்க வேண்டும்! படம் வந்த அதே 1928-ல் கீட்டன் எம்ஜிஎம் என்ற பெரிய ஹாலிவுட் பட நிறுவனத்தில் சம்பளத்துக்குச் சேர்ந்தார். சொந்த ஸ்டுடியோ போயிற்று, தன் இஷ்டத்துக்கு ஊரைக் கட்டி இடிக்கும் வசதியும் போயிற்று. அங்கே எடுத்த பேசும் படங்களிலும் முகம் அதே முகம்தான். பின்னால் சும்மா நிற்கும் சுவர்கள்.