கிரிக்கெட் 07-க்கு மாமான்ர குரல்

மூண்டு மாசமா இரவில வேற வேலை இல்லை, ஈஏ ஸ்போர்ட்ஸ் கிரிக்கெட் 07-க்கு தமிழ் வர்ணனை செய்துகொண்டிருக்கிறன். 2006 கடைசியில வந்த கேம், அதோட ஈஏ கிரிக்கெட் கேமே விட்டுட்டாங்கள், ஆனா இஞ்ச கிளிநொச்சிப் பக்கம் பழைய கொம்பியூட்டர் கிடக்கிற வீடுகளில இண்டைக்கும் ஓடுது. ஜேர்சி, மைதானம், முகம் எல்லாத்தையும் உலகம் முழுக்க பெடியள் மாத்திப்போட்டாங்கள், ஹிந்தி வர்ணனையும் எப்பவோ வந்திட்டுது. தமிழில நான் தேடின மாதிரி ஒண்டு கிடைக்கேல்ல. கேமில இங்கிலிஷ் வர்ணனை சொல்லுற ரிச்சி பெனோவும் மார்க் நிக்கலஸும் கதைக்கிறது எனக்கு நல்ல விருப்பம், எண்டாலும் எங்கட வீட்டில கிரிக்கெட் எண்டா ரேடியோத் தமிழ்தான்.

குரல் மாமான்ர. 95இல யாழ்ப்பாணத்தால இடம்பெயர்ந்து வந்து கிளிநொச்சியில கொட்டில் போட்டு இருந்த ஆள். 96 மார்ச் 17, லாகூரில உலகக் கிண்ண பைனல், கரண்டும் இல்லை பற்றறியும் இல்லை, சைக்கிளைக் கவிட்டு வைச்சு ஒருத்தர் மாறி ஒருத்தர் பெடலைக் கையால சுத்த டைனமோவில ரேடியோ பாடினதாம். கை ஓய்ஞ்சா குரல் மெலிஞ்சு போகும், சுத்தடா சுத்தடா எண்டு எல்லாரும் கத்துவினமாம். இலங்கையின்ர அரவிந்த டி சில்வா 107 அடிச்சு ஆட்டமிழக்காமல் நிண்டதை அவர் கண்ணால பாக்கேல்ல, காதால கேட்டவர், அந்த வர்ணனையை இண்டைக்கும் அதே ஏத்த இறக்கத்தோட சொல்லுவார்.

முதல் மாசம் நான் செய்தது முழுக்கப் பிழை. கேமில வர்ணனை ஒரே நீட்டில இல்லை, துண்டு துண்டாத்தான் கிடக்கு, ஆளின்ர பேர் ஒரு துண்டு, அடி ஒரு துண்டு, ரெண்டையும் கேம்தான் ஒட்டும். நான் இங்கிலிஷ் வசனத்தைப் பாத்துப் பாத்து தமிழ் எழுதி மாமாவைக் கொண்டு வாசிப்பிச்சன். போட்டுப் பாத்தா "ஜயசூரிய... பந்தை அடித்தார்", சரி, ஓடுது. "முரளிதரன்... பந்துவீச்சில் ஆட்டமிழந்தார்" எண்டு வந்தோண்ண விளங்கிச்சு. ஆட்டமிழந்தது பந்து போட்ட முரளியோ? தமிழில பேருக்குப் பின்னால "இன்" வந்து ஒட்டோணும், முரளிதரனின், ஜயசூரியவின், வாஸின், ஒவ்வொரு பேருக்கும் ஒவ்வொரு மாதிரி. அப்பிடியெண்டா ஒவ்வொரு ஆளுக்கும் நாலஞ்சு துண்டு ரெக்கோர்ட் பண்ணோணும், கேமில அதுக்கு இடமே இல்லை.

மாமா கேட்டுப்போட்டு உடன சொன்னார், "தம்பி, ரேடியோவில அப்பிடிச் சொல்லமாட்டினமடா. முதல் நடந்ததைச் சொல்லுவினம், பேர் கடைசியில வரும்." சொல்லியும் காட்டினார், "உயர்த்தி அடிக்கிறார், பந்து எல்லைக் கோட்டைத் தாண்டிப் போகிறது, நான்கு ஓட்டங்கள்... துடுப்பாட்ட வீரர், சனத் ஜயசூரிய!" பேர் தனிய நிக்குது, ஒண்டும் ஒட்டத் தேவையில்லை, கேக்கவும் அந்தக் காலத்து நேர்முக வர்ணனை மாதிரியே இருக்கு. நான் எழுதின ஸ்கிரிப்ட் முழுக்கக் கிழிச்சுப்போட்டு அவர் சொல்லச் சொல்லத் திரும்ப எழுதினன். துடுப்பாட்டம், களத்தடுப்பு, பந்துப் பரிமாற்றம், நாணயச் சுழற்சி எண்டு நாங்கள் கேட்டு வளந்த சொல்லுகள்தான், ஒண்டையும் மாத்தேல்ல.

ரெக்கோர்டிங் பெரிய பாடு. பகலில மயில் கத்தும், மழைக்குப் பிறகு இரவிரவா தவளை. காத்தாடியை நிப்பாட்டி, யன்னலுக்கு மெத்தையைச் சாத்தி, போனை ஒரு துவாயால சுத்திப் பிடிச்சு எடுக்கிறது, மாமாக்கு வேர்த்து ஓடும், எண்டாலும் "ஆட்டமிழந்தார்" எண்ட ஒரு சொல்லை பதினாலு தரம் சொன்னவர். போல்ட் ஆகிறதுக்கு ஒரு விதம், பிடி குடுத்தா ஒரு விதம், கடைசி விக்கெட்டுக்கு வேற. பிறகு ஓடாசிட்டி எண்ட ஒலி வெட்டுற மென்பொருளில முன்னுக்கும் பின்னுக்கும் வெட்டோணும், நீண்டு போனா அடுத்த பந்து வந்திடும்.

போன சனிக்கிழமை தங்கச்சின்ர மகன் விளையாடினவன், மாமா வெளியில விறாந்தையில கதிரையில இருந்தவர். முரளி போட, ஸ்டம்ப் பறக்க, உள்ளுக்கை இருந்து மாமான்ர குரல். வெளியில இருந்து மாமா கேக்கிறார், "இப்ப எத்தினை ஓட்டம் தம்பி, எத்தினை விக்கெட்?"

இன்னும் எல்.பி.டபிள்யூவும் ரன் அவுட்டும் எடுக்கக் கிடக்கு, மழை விட்டோண்ண தொடங்குவம்.