ரோக் தீவின் வாசல் யாருக்குத் திறந்தது

சொல்லையே மந்திரமாகக் கொண்ட குழாங்கள் புனைகதைகளில் பல உண்டு. அவற்றில் நான் திரும்பத் திரும்பப் போய்ப் படிப்பது, அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா கே. லெ குவின் படைத்த எர்த்ஸீ தீவுக்கூட்டத்தில், ரோக் என்ற தீவில் இயங்கும் மந்திரவாதிகளின் பள்ளியைத்தான். 1968-இல் வெளிவந்த 'எ விஸர்ட் ஆஃப் எர்த்ஸீ' நாவலில் அது விரிவாக அறிமுகமாகிறது. காற்றை ஆள்பவர், மூலிகை அறிந்தவர், உருமாற்றம் கற்பிப்பவர், பெயர்களைக் கற்பிப்பவர், வாயிலைக் காப்பவர் என்று ஒன்பது ஆசான்கள் அங்கே இருக்கிறார்கள். துறைகள் வேறானாலும் அடிப்படை ஒன்றுதான்: செகோய் என்னும் ஆதிசக்தி கடலிலிருந்து தீவுகளை எழுப்பியபோது பேசிய மொழியில் ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு மெய்ப்பெயர் இருக்கிறது, அதை முழுமையாக அறிந்து உச்சரிப்பவருக்கு அந்தப் பொருள் கட்டுப்படும். அந்த மொழியில் மனிதரால் பொய் சொல்ல முடியாது.

அந்தப் பெயர்களைக் கற்கும் முறையை லெ குவின் விவரித்திருப்பதில்தான் இந்தக் குழாத்தின் மீது எனக்கு நம்பிக்கை பிறந்தது. தீவின் வடகோடியில் தனித்து நிற்கும் ஒரு கோபுரத்தில் பெயராசான் குர்ரெம்கார்மெர்ருக் பட்டியல் பட்டியலாக மெய்ப்பெயர்களை எழுதித் தருகிறார். நள்ளிரவில் மை மறைந்து தாள் வெறுமையாகிவிடும் என்பதால், அதற்குள் எல்லாவற்றையும் மனப்பாடம் செய்தாக வேண்டும். லாஸ்ஸோ என்ற ஒரு குட்டித் தீவின் கரையிலுள்ள முனைகள், குடாக்கள், கால்வாய்கள், துறைகள், ஆழமற்ற இடங்கள், பாறைகள் அனைத்தின் பெயர்களையும் கெட் என்ற மாணவன் அங்கே அமர்ந்து உருப்போடுகிறான். யாராவது முணுமுணுத்தால் ஆசான் பட்டியலை நீட்டுவார். அல்லது, கடலை ஆள விரும்புகிறவன் கடலின் ஒவ்வொரு துளியின் பெயரையும் அறிந்திருக்க வேண்டும் என்பார். இதிலிருந்தே மந்திரத்தின் எல்லையும் வந்துவிடுகிறது: தன்னருகே இருப்பதையும், தன்னால் முழுதாகப் பெயரிட்டு அழைக்க முடிந்ததையும் மட்டுமே ஒரு மந்திரவாதி ஆள முடியும். ஒரே சொல்லால் பெருங்கடல் முழுவதையும் கொந்தளிக்க வைக்கும் மந்திரவாதி இந்த உலகில் இல்லை. வரம்பில்லாத வல்லமையை வாரி வழங்கும் எத்தனையோ மாயக்கதைகளைவிட இந்தக் கண்டிப்பு எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

மனிதர்களுக்கும் மெய்ப்பெயர் உண்டு. அதை அறிந்தவன் கையில் அவர்களுடைய உயிரே இருப்பதால், உயிருக்கு உயிரானவர்களிடம் மட்டுமே அதைச் சொல்வார்கள். இறந்தவள் ஒருத்தியின் ஆவியைக் கர்வத்தால் அழைத்து, ஒரு நிழலை உலகில் ஏவிவிட்டு, முகத்தில் வடுவோடும் பேச்சுத் திக்கலோடும் கெட் ஒடுங்கிக் கிடக்கும் காலத்தில், படிப்பை முடித்து ஊருக்குப் புறப்படும் நண்பன் தன் பெயர் எஸ்டாரியோல் என்று தானாகவே சொல்கிறான். அந்த நாவலில் எந்தப் போர்க்காட்சியும் இதற்கு ஈடில்லை.

சொல்லே அதிகாரம் என்றால், அதை யாருக்குக் கற்றுத்தருவது என்பதும் அதிகாரம்தான். ரோக் பள்ளியில் பெண்களுக்கு இடமில்லை. பெண்களின் மந்திரம் வலுவற்றது, பெண்களின் மந்திரம் தீயது என்ற பொருளில் ஒரு வழக்கு அந்தத் தீவுகளில் உண்டு என்று முதல் அத்தியாயமே சொல்லிவிடுகிறது. ஆனால் அதே அத்தியாயத்தில், கூரைமேல் ஏறிய ஆட்டை இறக்க ஒரு கிராமத்து மந்திரக்காரி கூவிய சொற்களைக் கேட்டு, மறுநாள் மலையில் தன் ஆடுகளிடம் அதையே சொல்லிப் பார்த்துத்தான் சிறுவனாக இருந்த கெட் மந்திரத்தை அறிகிறான். அவள் அவனுடைய தாயின் உடன்பிறந்தவள். தீவுக்கூட்டத்தின் மிகப் பெரிய மந்திரவாதியின் முதல் சொல் ஒரு பெண்ணின் வாயிலிருந்து வந்தது. பள்ளியோ அவளைப் போன்றவர்களுக்குக் கதவை மூடி வைத்திருந்தது.

லெ குவின் இந்த முரணை அப்படியே விட்டுவிடவில்லை என்பதே அவர்மீது நான் கொண்டிருக்கும் மதிப்புக்குக் காரணம். முதல் மூன்று நாவல்கள் 1972-க்குள் வந்துவிட்டன; நான்காவதான 'டெஹானு' 1990-இல் வந்தது. அதில் ரோக்கின் ஆசான்கள் புதிய தலைமை மந்திரவாதியைத் தேடுகிறார்கள். கான்ட் தீவில் ஒரு பெண் என்ற குறிப்பு மட்டுமே கிடைக்கிறது. அந்தத் தலைமை ஒரு பெண்ணாகவே இருக்கலாம் என்ற எண்ணம், ஆதிமொழியையே கரைத்துக் குடித்த அவர்களுக்கு எட்டவே இல்லை.

2001-இல் வெளியான 'டேல்ஸ் ஃப்ரம் எர்த்ஸீ' தொகுப்பு இன்னும் பின்னோக்கிப் போகிறது. போர்த்தலைவர்கள் மந்திரவாதிகளை அடிமையாக வைத்திருந்த இருண்ட காலத்தில், அறிவை ஒளித்துக் காத்த ஒரு இரகசியக் குழாத்தின் பெண்களும் ஆண்களும் சேர்ந்துதான் ரோக் பள்ளியைத் தொடங்கினார்கள் என்று அங்கே தெரிகிறது. அவர்களில் ஒருவனான மெட்ரா, முதுமையில் வாயிலைக் காக்கும் பணியைத் தானே கேட்டுப் பெறுகிறான். பின்னாளில் முதல் தலைமை மந்திரவாதியான ஹால்கெலின் காலத்தில்தான் பெண்கள் விலக்கப்பட்டார்கள். இயற்கை விதி போல முதல் நாவலில் தோன்றியது, யாரோ ஒருவர் ஒரு நாளில் இட்ட தடை என்று ஆகிறது.

அதே தொகுப்பில் இரியன் என்ற பெண் ரோக்கின் வாசலுக்கு வந்து தன் பெயரைச் சொல்லும்போது, வாயிற்காவலர் அவளை உள்ளே விடுகிறார். ஆசான்கள் இரண்டாகப் பிரிகிறார்கள். பெயராசான் அவள் பக்கம் நிற்பது எனக்கு மிகுந்த நிறைவைத் தந்தது. இறுதியில், இறந்தோரை அழைக்கும் கலையில் வல்லவரான தோரியன் அவள் பெயரைச் சொல்லி அவளைக் கட்டுப்படுத்தப் பார்க்கிறார். நான் இரியன் மட்டும் அல்ல என்கிறாள் அவள். டிராகனாக உருமாறிப் பறக்கிறாள். மந்திரம் தோற்றது விதியை மீறியதால் அல்ல. முழுதாகப் பெயரிட முடியாததை ஆள முடியாது என்பதே அந்தக் குழாத்தின் சொந்த விதி.

பிற்காலக் கதைகள் பழைய நாவல்களின் அழகைக் கெடுத்துவிட்டன என்று வருந்தும் வாசகர்களும் உண்டு. எனக்கு அவை ஒரே படைப்பின் பகுதிகளாகவே தெரிகின்றன. புதிதாகத் தொடங்குகிறவர்கள் 1968 நாவலிலிருந்து வெளிவந்த வரிசையிலேயே படிக்க வேண்டும் என்பேன். அந்தப் பள்ளியின்மீது முதலில் மனதாரப் பற்று வைத்தவர்களுக்குத்தான், அதன் வாசல் முப்பது ஆண்டுகளுக்கும் மேல் கழித்துத் திறப்பதன் கனம் புரியும்.