தில்லைய பாக்க நடந்து போனோம்

எம்பொண்ணு கேட்ட ஒரே ஒரு கேள்வில ஆரம்பிச்சது இது. மார்கழி தரிசனத்துக்கு சிதம்பரம் போயிருந்தோம், கூட்டம்னா அப்படி ஒரு கூட்டம், பிரகாரத்துல ஒரு ஓரமா உக்காந்து மூச்சு விட்டுகிட்டிருக்கோம், அவ எங்கயோ எழுதியிருந்தத படிச்சுட்டு வந்து “அம்மா, ஸ்தல விருட்சம் தில்லைன்னு போட்ருக்கே, அது எந்த மரம்மா?”ன்னா. தெரியலன்னு சொல்லியிருக்கலாம். எதிர்ல தெரிஞ்ச ஏதோ ஒரு மரத்த கைய காட்டி “அதான்டி”ன்னுட்டேன். பக்கத்துல இருந்த பெரியவர் ஒருத்தர் மெதுவா திரும்பி, “அது வேற மரம்மா. தில்லைய பாக்கணும்னா பிச்சாவரம் போகணும்”னார். எம்பொண்ணு என்னைய ஒரு பார்வை பாத்தா பாருங்க!

எனக்கு 42 வயசு. பொறந்தது வளந்தது எல்லாம் கடலூர் ஓ.டி. (ஓல்ட் டவுன்). வருஷத்துக்கு ரெண்டு தடவையாவது சிதம்பரம் போயிடுவேன். தில்லை அம்பலம், தில்லைக் கூத்தன், தில்லைக் காளின்னு வாய் நிறைய சொல்லுவேன், ஆனா தில்லைங்கிறது ஒரு நிஜ மரம், அதுக்கு இலை இருக்கும் பட்டை இருக்கும்னு ஒருநாள் கூட நெனச்சதில்ல.

வீட்டுக்கு வந்து அத்தைகிட்ட (எங்க வீட்டுக்காரரோட அம்மா) சொல்லி சிரிச்சா, அவங்க சிரிக்கல. “புள்ள கேட்டது நியாயந்தானேம்மா. தை பொறக்கட்டும், நடந்தே போய் பாத்துட்டு வருவோம். நான்லாம் எங்கப்பாகூட மாசி மகத்துக்கு கிள்ளைக்கு நடந்தே போயிருக்கேன்”னாங்க. அத்தைக்கு 67. சரி பேச்சுக்கு சொல்றாங்கன்னு நானும் சரின்னுட்டேன், அங்க தான் மாட்டுனேன்.

தை ரெண்டாவது வாரம், முந்தின நாள் சாயந்திரமே பஸ்ஸ புடிச்சு சிதம்பரம் போயி அர்த்தஜாமம் பாத்துட்டு தங்கிட்டோம். பொண்ணுக்கு ஸ்கூல், வர முடியாதுன்னு ஒரே அழுகை. அர்த்தஜாமம் பாக்காதவங்க ஒரு தடவயாவது பாருங்க, பகல் கூட்டமெல்லாம் வடிஞ்சு போயி, மணி சத்தம் நெஞ்சுக்குள்ள இடிக்கும், கடைசியா சாமியோட பாதுகைய பல்லக்குல வச்சு பள்ளியறைக்கு கொண்டு போவாங்க. அவ்வளவு பெரிய ஆட்டக்காரர், ராத்திரியானா போறது அந்த செருப்பு மட்டுந்தான். அத்தை அதையே கண்ணு கொட்டாம பாத்துகிட்டிருந்தாங்க.

காலைல நாலு மணிக்கு கீழ வீதியிலருந்து கிளம்பியாச்சு. பிச்சாவரம் அங்கருந்து 15 கிலோமீட்டர் சொச்சம். நான் பொங்கலுக்கு வாங்குன புது செருப்பு, தோள்ல பேக், டார்ச், குளுக்கோஸ் பாக்கெட், பேண்ட் எய்டுன்னு ஏதோ இமயமலைக்கு போற மாதிரி. அத்தை வெறுங்கால், கையில ஒரு மஞ்சப்பை, அவ்வளவுதான். ரயில்வே லைன தாண்டி கொஞ்ச தூரம் வந்ததும் வெளிச்சம் கொறைஞ்சு போயி ரெண்டு பக்கமும் வயல், சம்பா அறுப்பு நேரம், வைக்கோல் வாசனை, பனி. நாலு நாய் சேந்து குரைச்சுகிட்டு வந்துச்சு. நான் அத்தைக்கு பின்னாடி போயி நின்னேன்னு எழுதறதுக்கு வெக்கமா இருக்கு, ஆனா அதான் நடந்துச்சு. அத்தை குனிஞ்சு கல்ல எடுக்குற மாதிரி ஒரு பாவனை பண்ணாங்க, ஓடிடுச்சுங்க.

அஞ்சரை மணி வாக்குல எனக்கு குதிகால்ல கொப்பளம். நடக்குறப்ப முதல்ல ஊர் ஞாபகமெல்லாம் வரும், கேஸ் புக் பண்ணலியே, தண்ணி மோட்டார் ஆஃப் பண்ணமா, நாத்தனார் அப்படி பேசுனாளேன்னு. அப்புறம் ஒரு இடத்துல அதெல்லாம் தானா தீந்து போயி கால் வலி மட்டும் மிச்சம் நிக்குது. இன்னும் கொஞ்சம் நடந்தா அதுவும் தூரமா போயிடுது. அந்த நேரத்துல நமசிவாய சொன்னா அது நடைக்கு தாளம் மாதிரி விழுது, நாமளா சொல்லணும்னு கூட இல்ல. வீட்டு பூஜை ரூம்ல அரை மணி நேரம் உக்காந்தும் எனக்கு இது வாய்ச்சதில்ல, உள்ளத சொல்றேன்.

கிள்ளைல டீ. மாசி மகத்துக்கு ஸ்ரீமுஷ்ணம் பூவராகர் கடல் தீர்த்தவாரிக்கு கிள்ளைக்கு வருவாருல்ல, வர்ற வழியில தைக்கால்ங்கிற ஊர்ல முஸ்லிம் ஜனங்க பெருமாளுக்கு மாலை மரியாதை பண்ணி வரவேற்பாங்க, காலங்காலமா நடக்குது. அத்தை சின்ன வயசுல பாத்தத சொல்லிகிட்டே வந்தாங்க. “சாமியே கோயில விட்டு இம்மாந்தூரம் நடந்து வருது, நமக்கென்ன”ன்னாங்க. நான் கொப்பளத்துக்கு பிளாஸ்டர் ஒட்டிகிட்டிருந்தேன்.

பிச்சாவரத்துல மோட்டார் போட்டும் இருக்கு, துடுப்பு படகும் இருக்கு. தில்லைய பாக்கப் போறவங்க தயவுசெஞ்சு துடுப்பு படகுலயே போங்க, மோட்டார் போட் சத்தத்துல ஒரு குருவி கூட நிக்காது, குறுகலான வாய்க்காலுக்குள்ளயும் அது நுழையாது. வடக்க வெள்ளாறு, தெற்க கொள்ளிடம், ரெண்டும் கடல்ல சேர்ற இடத்துக்கு நடுவுல கிடக்குற காடு, சுமார் 1,100 ஹெக்டேர்னு சொல்றாங்க. நல்ல தண்ணியும் உப்புத் தண்ணியும் கலந்து நிக்குது.

உள்ள நுழைஞ்சதும் ரெண்டு பக்கமும் சுரபுன்னை. வேரெல்லாம் மேலருந்து வளைஞ்சு வளைஞ்சு தண்ணிக்குள்ள ஊனி நிக்குது, மரம் முட்டிக்கால் போட்ட மாதிரி. அதுல காய் தொங்குது பாருங்க, முருங்கக்கா கணக்கா நீளமா, அது வெறும் காய் இல்லியாம், விதை மரத்துலயே முளைச்சு, தாய் மேலயே வளந்து, அப்புறம் தான் சேத்துல விழுந்து குத்தி நிக்குமாம். படகுக்காரண்ணன் சொன்னாரு. கிளையெல்லாம் மேல கூடி கூரை மாதிரி ஆயிடுச்சு, வெயில் பொட்டு பொட்டா தான் விழுது. துடுப்பு தண்ணில படுற சத்தம், அத விட்டா ஒண்ணுமில்ல.

ஒரு திருப்பத்துல கழுத்தளவு தண்ணில நாலஞ்சு பொம்பளைங்க. இருளர் ஜனங்க, இறால் புடிக்கிறாங்க, வலை கிடையாது, ரெண்டு கையாலயும் அடிச் சேத்த தடவி தடவி புடிக்கிறது, கை ரெண்டும் வேலைல இருக்கறதால புடிச்சத போட்டு வைக்க பின்னுன பறிய (கூடைய) பல்லால கடிச்சு புடிச்சிருக்காங்க. அதுல ஒரு அம்மா எங்கள பாத்து கண்ணால மட்டும் சிரிச்சாங்க, வாயில தான் பறி இருக்கே. நான் பேக்குல குளுக்கோஸ் வச்சுகிட்டு சாகசம் பண்றேன்னு வந்தவ. சட்டுனு தலைய குனிஞ்சுட்டேன்.

அப்புறம் அண்ணன் துடுப்ப நிறுத்தி “இதாம்மா தில்லை”ன்னாரு.

சத்தியமா, பெருசா ஒண்ணுமில்லாத மரம். ரொம்ப உயரமில்ல, சாம்பல் நிறத்துல பட்டை, பளபளன்னு பச்சை இலை, நடுநடுவுல பழுத்த இலை மட்டும் ரத்தச் செவப்பா. அத்தை எழுந்து நின்னே கும்பிட்டாங்க, படகு ஆடுச்சு. வீட்டு பூஜைக்கு ஒரு இலை பறிச்சுக்கலாம்னு கைய நீட்டினாங்க பாருங்க, அண்ணன் போட்ட சத்தத்துல கொக்கெல்லாம் பறந்துடுச்சு. “அய்யய்யோ கை வைக்காதீங்கம்மா! கிள்ளுனா பால் வரும், தோல்ல பட்டா பொத்துடும், கண்ணுல பட்டா பார்வையே போயிடும்!”

அத்தை கைய அப்படியே பின்னாடி இழுத்துகிட்டாங்க. அந்த நிமிஷத்துல தான் எனக்கு வியாக்ரபாதர் கதை வேற மாதிரி புரிஞ்சுது. வண்டு தொடறதுக்கு முன்னாடி பூ பறிக்கணும், இருட்டுல மரம் ஏற வழுக்குதுன்னு சிவன்கிட்ட புலிக்காலும், காலுலயே கண்ணும் கேட்டு வாங்குனாராம், அதனால தான் புலியூர்னு பேரு, சின்ன புள்ளையிலருந்து கேட்ட கதை. காலுல எதுக்கு கண்ணுன்னு நெனச்சிருக்கேன். தில்லை வனத்துக்குள்ள நின்னு பாத்தா தெரியுது, கண்ணப் பறிக்கிற பால் வடியிற காட்டுல, விடியறதுக்கு முந்தி, ஒரு மனுசன் பூவுக்காக ஏறியிருக்காரு. அவருக்கு எத்தன கண்ணு இருந்தாலும் பத்தாது.

2004 சுனாமி பத்தியும் அண்ணன் பேசுனாரு. டிசம்பர் 26, மார்கழி பௌர்ணமி. எங்க கடலூர்ல தேவனாம்பட்டினம், சோனாங்குப்பம்லாம் என்ன ஆச்சுன்னு நான் கண்ணால பாத்தவ, அத எழுத இப்பவும் கை வராது. இந்தப் பக்கம் காட்டுக்குப் பின்னாடி இருந்த குடிசைங்கள இந்த மரங்க தான் நின்னு காப்பாத்துச்சுன்னாரு. சொல்லிட்டு மரத்த பாத்து லேசா தலைய ஆட்டுனாரு, தெரிஞ்சவங்கள பாத்தா ஆட்டுவோமே அப்படி.

திரும்புறப்ப தண்ணி வத்திடுச்சு, ஒரு சின்ன வாய்க்கால்ல படகு சேத்துல உக்காந்துடுச்சு. அண்ணன் இறங்கி தள்றாரு, அசையல. நான் உதவி பண்றேன்னு வீரமா இறங்குனேன், முட்டி வரைக்கும் உள்ள போயிட்டேன். காலுக்கடியில என்னவோ நெளியுது. கத்தல, கத்த வரல. ஒரு ரெண்டு நிமிஷம் அப்படியே நின்னேன், சேறு சில்லுனு கால புடிச்சுகிட்டிருக்கு, பயம் உச்சிக்கு ஏறி, அப்புறம் என்னமோ வடிஞ்சு போச்சு. இழுத்து வெளிய எடுத்தா கால் மட்டும் வந்துச்சு. புது செருப்பு ரெண்டும் காட்டுக்கே சொந்தம். “நேத்து ராத்திரி அவரு செருப்பு மட்டும் போச்சு, இன்னிக்கு உன்னுது”ன்னு அத்தை படகுல உக்காந்து சிரிக்கிறாங்க, கண்ணுல தண்ணி வர அளவுக்கு.

திரும்ப பஸ்ல தான் வந்தோம், அதுல ஒண்ணும் கௌரவ குறைச்சல் இல்ல. சாயந்திரம் வடக்கால தில்லைக் காளி கோயில். சிவன்கூட ஆடுன ஆட்டத்துல தோத்து ஊர் எல்லைக்கு வந்தவன்னு கதை, கோயில் கோப்பெருஞ்சிங்கன்ங்கிற ராஜா கட்டுனது, 13-ஆம் நூற்றாண்டு. மேல பூரா குங்குமம், முகமே செக்கச்செவேல்னு. வாசல்ல செருப்பு விடுற இடத்துல எல்லாரும் நின்னு கழட்டிகிட்டிருக்க நான் நேரா உள்ள போனேன், நகக்கண்ணுல கருப்பா சேறு அப்படியே இருந்துச்சு. அந்த முகத்த பாத்ததும் பழுத்த தில்லை இலை தான் ஞாபகம் வந்துச்சு.

வீட்டுக்கு வந்ததும் பொண்ணு மொத கேள்வி, “தொட்டுப் பாத்தியாம்மா?” இல்லடின்னு போன்ல எடுத்த ஃபோட்டோவ காட்டுனேன். ரெண்டு விரலால பெருசாக்கி அந்த செவப்பு இலைய ரொம்ப நேரம் பாத்தா. அத்தை அதுக்குள்ள பக்கத்து வீட்டுத் திண்ணையில உக்காந்து கதைய ஆரம்பிச்சிட்டாங்க, காதுல விழுந்த வரைக்கும் தூரம் 25 கிலோமீட்டர் ஆயிடுச்சு, நாய் பத்து.