கல்லாவில் உட்கார ஆள் வேண்டும்

எங்கள் கடைக்கு இப்போது 9 கிளைகள். ஆறு இந்தப் பக்கம், மூன்று அந்தப் பக்கம். இந்தப் பக்கம் என்றால் மார்த்தாண்டம், கருங்கல், களியக்காவிளை என்று குமரி மாவட்டத்தில் எங்கள் வட்டாரம், அந்தப் பக்கம் என்றால் பாறசாலையில் தொடங்கும் கேரளா. "எங்கள் கடை" என்று வாய் கூசாமல் சொல்கிறேனே தவிர, எனக்கு அதில் ஒரு ரூபாய்ப் பங்கு கிடையாது. 2001-ல் 19 வயதில் குடோனில் பருப்பு பாக்கெட் போட வந்தவன், இன்றைக்குப் பாறசாலைக் கடையில் மேனேஜர். அவ்வளவுதான்.

போன மாதம் குழித்துறையில் ஒரு கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரர் கேட்டார், "ஒரு பலசரக்குக் கடை எப்படி டே இவ்வளவு பெருத்தது? பேங்க் லோனா, இல்ல வேற பணமா?" நான் வாயைத் திறப்பதற்குள் அவரே "இடம் நல்ல இடம், அதான்" என்று பதிலையும் சொல்லிவிட்டார், அதற்குள் அடைப்பிரதமன் வந்துவிட்டது, பேச்சு அதோடு போச்சு. ஆனால் கேள்வி என்னை விடவில்லை. 20 வருஷத்துக்கு மேல் உள்ளே இருந்து பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன், இடமும் இல்லை, லோனும் இல்லை. கல்லாவில் உட்கார வீட்டு ஆள் எத்தனை பேரோ அத்தனை கடை. 2020 வரைக்கும் இதுதான் கணக்கு.

பெரிய முதலாளி தொடங்கியது மார்த்தாண்டம் சந்தைக்குப் பக்கத்தில், பழைய ஆட்கள் இன்றும் தொடுவெட்டி என்று சொல்கிற இடத்தில், முன்னால் ஒரு நீள மேசை போட்ட சாதாரணக் கடை. சீட்டை நீட்டினால் பையன்கள் உள்ளே ஓடி எடுத்து வருவார்கள். 1998-ல் அந்த மேசையைத் தூக்கிவிட்டு, வருகிறவர்களே உள்ளே நடந்து எடுத்துக்கொள்ளலாம் என்று மாற்றினார். ஊரே சிரித்ததாம். ஒரு மாதத்தில் பாதிக் கடை சேலை முந்தானைக்குள் போய்விடும் என்றார்களாம். திருட்டு கொஞ்சம் இருந்தது, இன்றும் இருக்கிறது, அதற்கு ஒரு கணக்கு ஒதுக்கித்தான் கடை நடத்த வேண்டும். ஆனால் யாரும் எதிர்பார்க்காத ஒன்று நடந்தது, பெண்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். மேசைக்கு முன்னால் நாலு ஆண்களுக்கு நடுவில் நின்று உரக்கக் கேட்க வேண்டியதில்லை. கையில் எடுத்துப் பார்த்து, பிடிக்கவில்லை என்றால் திருப்பி வைத்துவிட்டு, யாரிடமும் பேச்சு வாங்காமல் வெளியே போகலாம்.

மேசை போனாலும் கல்லா மட்டும் நகரவில்லை. அதில் பெரிய முதலாளி, அவர் சாப்பிடப் போனால் அவர் மனைவி. "நம்ம ரத்தம் உக்காந்தாத்தான் மக்களே அந்தப் பெட்டி பெட்டி" என்பார். 2004-ல் மூத்த மகன் கல்ஃபில் இருந்து திரும்பி வந்தார், கருங்கலில் இரண்டாவது கடை. 2007-ல் மகளுக்குக் கல்யாணம், மாப்பிள்ளைக்குக் களியக்காவிளையில் மூன்றாவது கடை. இரண்டாவது மகனுக்குப் பெண் பார்க்கப் போனபோது நாங்கள் குடோனில் உட்கார்ந்து அடுத்த கடை எந்த ஊரில் என்று பந்தயம் கட்டினோம். பெண் வீட்டில் இரண்டு அண்ணன்மார் என்று தெரிந்ததும் பந்தயம் இரட்டிப்பானது, ஏனென்றால் சம்பந்திகளும் ஆள் கணக்கில் வருவார்கள் அல்லவா.

இதில் ஸ்கேனர் ஒரு சின்னக் கலகம் செய்தது. அதுவரை பில் போடுகிறவர் தலைக்குள்தான் விலை எல்லாம் இருந்தது, அதனாலேயே அந்த நாற்காலி வெளி ஆளுக்குக் கிடையாது. பார்கோடு வந்ததும் விலை மெஷினுக்குப் போய்விட்டது. உலகத்தில் முதன்முதலாகக் கடையில் பார்கோடு ஸ்கேன் செய்த பொருள் ஒரு சூயிங்கம் பாக்கெட், 1974 ஜூன் 26, அமெரிக்காவில் ஒஹையோ மாநிலத்தில் டிராய் என்ற சிற்றூர். அந்தக் கடை மார்ஷ் என்று 1931-ல் ஒரு குடும்பம் தொடங்கிய வட்டாரச் சங்கிலி, நம்ம மாதிரிதான். 2006-ல் அதை ஒரு முதலீட்டு நிறுவனத்துக்கு விற்றார்கள், 2017-ல் திவாலாகிவிட்டது. இதைப் படித்துவிட்டு நான் பெரிய முதலாளியிடம் சொன்னபோது "பாத்தியா, வித்ததும் போச்சு" என்றார். நான் சொல்ல வந்தது பார்கோடு பற்றி.

2008-ல் இரண்டாவது மகன் கடன் வாங்கி ஒரே மூச்சில் நாலு கடை திறக்கலாம் என்று நின்றார். அப்போது அவர் வாயில் எந்நேரமும் சுபிக்ஷா என்ற கடைச் சங்கிலியின் பெயர். 1997-ல் சென்னையில் தொடங்கி பத்தே வருஷத்தில் நாடு முழுக்க ஆயிரத்துக்கு மேல் கிளைகள், அதுவும் ஏசி கிடையாது, ஆடம்பரம் கிடையாது, நம்மால் ஏன் முடியாது என்பது அவர் வாதம். 2009 பிறந்ததும் சுபிக்ஷா ஏறக்குறைய மொத்தமாக ஷட்டரை இறக்கியது. பெரிய முதலாளிக்கு அது பத்து தீபாவளி ஒன்றாக வந்த மாதிரி. "கல்லாவுல யார் இருந்தான்? சம்பளக்காரன்!" என்று அந்த வருஷம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு அப்போதே இதில் உடன்பாடு இல்லை. அவர்கள் விழுந்தது கையில் ரொக்கம் இல்லாமல், கடனை நம்பி ஓடியதால். சம்பளக்காரனா முதலாளி மகனா என்பது அங்கே பிரச்சினையே இல்லை. ஆனால் பாக்கெட் போடுகிறவன் சொன்னால் யார் கேட்பார்கள்.

2012-ல் இரண்டாவது மகனுக்குப் பாறசாலை. வரைபடத்தில் பார்த்தால் களியக்காவிளையில் இருந்து கூப்பிடு தூரம், வியாபாரத்தில் வேறு நாடு. சாப்பாடு மாறவில்லை, அதைச் சொல்ல வேண்டும். 1956 நவம்பர் 1 வரைக்கும் நாமும் திருவிதாங்கூர்-கொச்சிதானே, இரண்டு பக்கமும் சம்பா அரிசி, தேங்காய் எண்ணெய், மரச்சீனி, ஏத்தங்காய். ஓணத்துக்கு அங்கே கூட்டம் என்றால் கிறிஸ்துமஸுக்கு இரண்டு பக்கமும் கூட்டம். மாறியது காகிதம். சோப்புக் கம்பெனி ஸ்டாக்கிஸ்ட் மாநிலம் பார்த்துத்தான் சரக்கு தருவார், மார்த்தாண்டத்துக்காரர் பாறசாலைக்குக் கொடுக்க முடியாது. லாரி வந்து நின்றால் இறக்குவது நம் பையன்கள் இல்லை, அந்த ஊர்ச் சுமட்டுத் தொழிலாளர்கள், கூலி அவர்கள் விகிதம். சும்மா பார்த்து நிற்பதற்கும் கூலி கேட்கிற நோக்குகூலியை அரசு 2018 மே 1-ல் நிறுத்தியது. அதற்கு முன்னால் எங்களுக்கு ஒரே ஒரு முறை அந்த அனுபவம், அதற்குப் பிறகு அவர்களில் பாதிப் பேர் எங்கள் வாடிக்கையாளர்கள், இன்று என்னை "அண்ணே" என்று தமிழில் கூப்பிடுவார்கள்.

2017 ஜூலை 1-ல் ஜி.எஸ்.டி. வந்து செக்போஸ்ட் வரிசை போனது, டிரைவர்கள் லட்டு கொடுத்துக் கொண்டாடினார்கள். அப்புறம்தான் ஆடிட்டர் வந்து விளக்கினார். மாநிலத்துக்கு ஒரு பதிவு, ஒரே முதலாளியாக இருந்தாலும் சட்டத்தின் கண்ணில் இரண்டு ஆள். நம் குடோனில் இருந்து நம் கடைக்கே ஒரு பெட்டி பிஸ்கட் அனுப்பினாலும் பில் போட்டு, மாநிலம் தாண்டும் சரக்குக்கான ஐ.ஜி.எஸ்.டி. வரி கட்ட வேண்டும். பிறகு கழித்துக்கொள்ளலாம், சரி, ஆனால் அதுவரை பணம் முடங்கிக் கிடக்கும். "எனக்கு நானே வித்து எனக்கு நானே வரி கெட்டணுமா?" என்று பெரிய முதலாளி ஆடிட்டரை ஒரு மணி நேரம் விடவில்லை. 2019 ஆகஸ்டில் இருந்து இரண்டு வருஷம் கேரளாவில் வெள்ள செஸ் என்ற கூடுதல் வரி வேறு, 5 சதவீதத்துக்கு மேல் வரி உள்ள பொருளுக்கு 1 சதவீதம். அந்தப் பக்க பில்லில் மட்டும் ஒரு வரி கூடுதலாக அடிக்கும், சேச்சிமார் அதை விரலால் தொட்டுக் காட்டி "இதெந்தா?" என்பார்கள், நான் 2018 வெள்ளத்தை முதலில் இருந்து சொல்வேன். பிளாஸ்டிக் பைக்குத் தடை கூட இங்கே 2019 ஜனவரி 1, அங்கே 2020 ஜனவரி 1. அந்த ஒரு வருஷம் ஒரே பை ஒரு கடையில் குற்றம், அடுத்த கடையில் சேவை.

இவ்வளவையும் சமாளித்தவர்கள் ஆறாவது கடையில் தேங்கி நின்றார்கள். வீட்டில் ஆள் தீர்ந்துவிட்டது. பெரிய முதலாளியின் தம்பி பேரனைக் கூப்பிட்டு ஏழாவது கடையில் உட்கார வைத்தார்கள். நல்ல பையன்தான், ஆனால் கடை அவனுக்குத் தண்டனை. கல்லாவை விட்டு எழுந்திருக்க மாட்டான், போனை விட்டுத் தலை நிமிர மாட்டான். இந்தத் தொழிலில் கல்லா முன்னால் இருந்தாலும் ஓட்டை பின்னால் இருக்கும். புதுச் சரக்கை முன்னால் அடுக்கி பழசைப் பின்னுக்குத் தள்ளிவிட்டால் மூன்றாம் மாதம் ரேக் முழுக்க தேதி முடிந்த மாவு. கம்பெனி திருப்பி எடுக்க ஒரு கெடு உண்டு, அது போனால் நம் தலையில். பருப்பில் வண்டு வந்தால் கேட்கவே வேண்டாம். 14 மாதத்தில் அந்தக் கடையை மூடினார்கள். ரத்தம் உட்கார்ந்துதான் இருந்தது. யாரும் அதை வாய்விட்டுச் சொல்லவில்லை.

பிறகு 2020 மார்ச். ஊரடங்கு அறிவித்த இரவு நான் பாறசாலைக் கடையில் கணக்கு முடித்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது முதலாளி, அதாவது இரண்டாவது மகன், மதியமே மார்த்தாண்டம் வீட்டுக்குப் போயிருந்தார். காலையில் எல்லையில் தடுப்பு. சரக்கு லாரி பாஸ் வாங்கி வரலாம், ஆள் வர முடியாது. கல்லாப் பெட்டி, லாக்கர், குடோன் என்று மூன்று சாவி, சாயங்காலம் பாலும் காய்கறியும் கொண்டுவந்த லாரி டிரைவர் கையில் ஒரு பழைய தேயிலை டப்பாவில் வந்தன. டப்பாவைத் திறந்து பார்த்து நான் சும்மா நின்றேன். 19 வருஷத்தில் அந்த லாக்கர் சாவியை நான் தொட்டது அதுதான் முதல் தடவை.

அந்த வாரங்களில் நான் கடையிலேயே படுத்தேன், அரிசி மூட்டைக்குப் பக்கத்தில் ஒரு பாய். இந்தப் பக்கம் வீடு இருக்கிற ஏழு பையன்கள் வர முடியவில்லை, அந்த ஊர்ப் பிள்ளைகள் ஐந்து பேரை அன்றே வேலைக்கு எடுத்தேன், யாரையும் கேட்கவில்லை. உப்புக்கும் கோதுமை மாவுக்கும் வரிசை நின்றது. ஆளுக்கு இரண்டு கிலோதான் என்று நானே போர்டு எழுதித் தொங்கவிட்டேன், மலையாளத்தில் இரண்டு எழுத்துப் பிழையோடு. ராத்திரி பத்து மணிக்கு பெரிய முதலாளி போனில் வருவார், நான் ரொக்கத்தை எண்ணிச் சொல்ல, அவர் மறுமுனையில் நோட்டில் எழுதுவார். மே மாதம் பாஸ் கிடைத்து இரண்டாவது முதலாளி வந்து எண்ணியபோது 40 ரூபாய் கூடுதலாக இருந்தது. அந்த 40 எங்கிருந்து வந்தது என்று எனக்கு இன்றுவரை உறுத்தல்.

அவர் சாவியைத் திருப்பிக் கேட்கவில்லை. நானும் கொடுக்கவில்லை. அதற்குப் பின் நாலு வருஷத்தில் மூன்று கடைகள், மூன்றிலும் சம்பளத்துக்கு வந்த மேனேஜர்கள். மூத்தவர் மகள் கொச்சியில் படித்துவிட்டு வந்து எல்லாக் கடை பில்லையும் போனில் பார்க்கிற மாதிரி செய்துவிட்டாள். கெட்டிக்காரப் பிள்ளை. ஆனால் முதலில் கதவைத் திறந்தது சாஃப்ட்வேர் இல்லை, அந்தத் தேயிலை டப்பா.

எனக்கு ஒரு மனக்குறை மட்டும் உண்டு. முடிவெல்லாம் இன்னும் ஞாயிற்றுக்கிழமை கோயில் முடிந்து வந்து மதியச் சாப்பாட்டு மேசையில்தான். 2022 ஜூலை 18-ல் பாக்கெட் போட்ட பருப்புக்கும் அரிசிக்கும் 5 சதவீத வரி வந்தபோது, 25 கிலோவைத் தாண்டினால் கிடையாது என்பதால் மில்காரர்கள் 26 கிலோ மூட்டை இறக்கினார்கள். அரைக்கிலோ பாக்கெட்டை நிறுத்திவிட்டுச் சில்லறையாக நிறுத்துக் கொடுக்கலாமா என்று அந்த மேசையில் பேசினார்களாம். எங்கள் லாபத்தில் பெரும்பகுதியே அந்த பாக்கெட்டில்தான் வருகிறது, சோப்பிலும் பிஸ்கட்டிலும் மிஞ்சுவது சொற்பம். 20 வருஷம் பாக்கெட் போட்டவனிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அந்த யோசனையை அங்கேயே விட்டிருப்பார்கள். திங்கட்கிழமை எனக்கு உத்தரவு வந்தது, இரண்டு வாரத்தில் பழையபடி மாற்றச் சொல்லி இன்னொரு உத்தரவு வந்தது. லாக்கரை நம்பிக் கொடுக்கிறார்கள், ஒரு நாற்காலியை இழுத்துப் போட மனம் வரவில்லை.

இந்தத் திங்கட்கிழமை வந்த செய்தி, பத்தாவது கடை நெய்யாற்றின்கரையில். இடம் பார்த்தாயிற்று, முன்பணமும் கொடுத்தாயிற்றாம். ஓணத்துக்கு முன்னால் திறக்க வேண்டும், ரேக் போட ஆள் அனுப்பு என்றார்கள். கல்லாவில் யார் என்று கேட்டேன். "ஞாயிற்றுக்கிழமை பேசிட்டுச் சொல்லுதேன்" என்றார் மூத்தவர்.