தண்டனை முடிந்த பிறகும் முடியாத சம்பளக் கணக்கு

சம்பள பில் பிரிவில் நெடுங்காலம் இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன், தமிழ்நாடு அரசுப் பணியில் 17(அ) குற்றச்சாட்டில், அதாவது முறையான விசாரணை இல்லாமல் சிறு தண்டனை கொடுக்கிற விதியில், தண்டனை வாங்கியவர்களில் பலர் தண்டனையை எதிர்த்து மல்லுக்கட்டுவதில்லை. ஓராண்டு ஊதிய உயர்வு நிறுத்தமா, சரி போகட்டும் என்று கையெழுத்துப் போட்டு ஆணையை வாங்கிக்கொள்வார்கள். சண்டை வருவது அந்த ஓராண்டு முடிந்த பிறகுதான்.

இளநிலை உதவியாளர் ஒருவருக்கு அடிப்படை ஊதியம் 20,700, ஜூலை 1-ஆம் தேதி 21,300 ஆக வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். தொடர் பயனின்றி ஓராண்டு நிறுத்தம் என்றால் அந்த வருடம் முழுக்க 20,700-இலேயே இருப்பார், அடுத்த ஜூலையில் நின்றுபோன ஊதிய உயர்வுப் படியும் சேர்ந்து 21,900-க்குப் போய்விட வேண்டும். இழப்பு மாதம் 600 ரூபாயும் அதற்குரிய அகவிலைப்படியும், அதுவும் 12 மாதங்களுக்கு மட்டும். தொடர் பயனுடன் என்றால் கதையே வேறு. அடுத்த ஜூலையில் 21,300தான், அந்த ஒரு படி பாக்கி ஓய்வு பெறும்வரை கூடவே வரும், பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவருக்கு ஓய்வூதியத்திலும் உதைக்கும். இதைச் சிறு தண்டனை என்று சொல்லி முறையான விசாரணை இல்லாமல் கொடுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் பஞ்சாப் வழக்கு ஒன்றில் 1990-இலேயே சொல்லிவிட்டது.

அடிப்படை விதி 24-இன்படி எவ்வளவு காலம் நிறுத்தம், அது பின்னால் வரும் உயர்வுகளையும் தள்ளிப்போடுமா என்பதை ஆணையிலேயே எழுத வேண்டும். எழுதாமல் விட்ட ஆணைகளைப் பார்த்திருக்கிறேன். அப்போது பில் போடுபவர் என்ன செய்வார்? தணிக்கையில் மாட்டிக்கொள்ளக் கூடாது என்று ஊழியருக்குப் பாதகமான அர்த்தத்தையே எடுப்பார். நடுவில் மாறுதல் வந்துவிட்டால் இன்னும் மோசம், புது அலுவலகத்தில் கடைசிச் சம்பளச் சான்றை மட்டும் பார்த்து வழக்கம்போல ஒரு படி ஏற்றிவிட்டுப் போய்விடுவார்கள். தொடர் பயனின்றி என்று ஆணை இருந்தும், அவர் நடைமுறையில் வாங்குவது தொடர் பயனுடன் கூடிய தண்டனை. தண்டனையை அமல்படுத்த அதே மாதம் ஓடுகிற கோப்பு, முடிந்ததும் சம்பளத்தைச் சரிசெய்ய மட்டும் யாராவது மனு போடும்வரை அசையாது. இதைக் கவனக்குறைவு என்று சொல்லி முடித்துக்கொள்ள எனக்கு மனசு வரவில்லை, ஏனென்றால் தவறு பெரும்பாலும் ஒரே பக்கமாகத்தான் சாய்கிறது.

எதிர்ப்பக்கத் தவறும் உண்டு, இல்லையென்று சொல்லவில்லை. தண்டனையைப் பணிப்பதிவேட்டில் பதிந்துவிட்டு உயர்வையும் கொடுத்துவிடுவார்கள், பல வருடம் கழித்துத் தணிக்கையில் பிடித்து மொத்தமாகப் பிடித்தம் செய் என்பார்கள். 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் இதற்கு வரம்பு போட்டது: சி, டி பிரிவு ஊழியர்களிடமும், ஓய்வு பெற்றவர்களிடமும், ஓராண்டுக்குள் ஓய்வு பெறப்போகிறவர்களிடமும், ஐந்து ஆண்டுகளுக்கு மேல் கொடுத்துவந்த தொகையிலும் பிடித்தம் கூடாது. அலுவலகமோ, கூடுதலாக வாங்கியிருந்தால் திருப்பித் தருகிறேன் என்று ஊதிய நிர்ணயத்தின்போது ஊழியரிடம் எழுதி வாங்கிய உறுதிமொழியை நீட்டும். 2016-இல் வந்த இன்னொரு தீர்ப்பு அதற்குக் கைகொடுக்கிறது.

என்னிடம் கேட்பவர்களுக்கு நான் சொல்வது, ஆணை கைக்கு வந்ததும் தொடர் பயன் பற்றிய வரி இருக்கிறதா பாருங்கள், இல்லையென்றால் அப்போதே தெளிவுரை கேட்டு எழுதுங்கள். அப்புறம் நிறுத்தம் முடிகிற தேதிக்கு முந்தைய மாதமே ஆணையின் நகலை இணைத்து ஊதியத்தை மீட்டமைக்கச் சொல்லி மனு கொடுத்து, பதிவு எண்ணை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.