ஒரு கர்தினாலின் வாழ்த்து

ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலில் நின்றபோது பங்கில் தெரிந்த ஒரு அக்கா மெல்லக் கேட்டார்: “ஐ.வி.எஃப். செஞ்சா பாவமா தம்பி?” இதைச் சொல்ல நான் யார்? ஆனால் 1978 ஞாபகம் வந்தது.

அந்த வருடம் ஜூலை 25 அன்று இங்கிலாந்தின் ஓல்டாம் நகரில் லூயிஸ் பிரவுன் பிறந்தாள். ஐ.வி.எஃப். முறையில், அதாவது உடலுக்கு வெளியே கருவை உருவாக்கி, பிறந்த உலகின் முதல் சோதனைக் குழாய் குழந்தை. அப்போது வெனிஸில் கர்தினாலாக, அதாவது கத்தோலிக்கத் திருச்சபையின் மூத்த தலைவர்களில் ஒருவராக இருந்த அல்பினோ லூச்சியானியிடம் கருத்துக் கேட்டார்கள். மனிதர் குழந்தைக்கு வாழ்த்துச் சொன்னார்! நல்ல எண்ணத்தோடு செய்த பெற்றோரைக் கண்டிக்கத் தனக்கு உரிமை இல்லை என்றார். அதற்காக முறையே சரி என்று ஒப்புக்கொள்ளவும் இல்லை. அடுத்த மாதமே முதலாம் ஜான் பால் என்ற பெயரில் திருத்தந்தை (போப்) ஆனார், 33 நாள்தான் இருந்தார். (எங்கள் பாட்டிக்கு அவர் இன்னும் பழைய தமிழ்ப் பெயரில் அருளப்பர் சின்னப்பர்தான்.)

1987-இல் வத்திக்கான் இந்த முறையை ஏற்க முடியாது என்று எழுதியே வைத்துவிட்டது. தாம்பத்திய உறவையும் கருத்தரிப்பையும் பிரிக்கிறது என்பது ஒரு காரணம். உண்மையைச் சொன்னால், அந்த வாதம் எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை. உறுத்துவது, பல கருக்களை உருவாக்கிப் பயன்படுத்தியது போக மிஞ்சிப்போகும் கருக்கள்தான். உறைநிலையில் கிடக்கும் அவற்றை என்ன செய்வது? இது தீர்க்கவே முடியாத ஓர் அநீதி என்று 2008-இல் வத்திக்கானே சொன்னது. வேறொரு பெண் அவற்றைத் தன் வயிற்றில் சுமந்து தத்தெடுப்பதற்கும் தயங்கியது.

அக்காவிடம் இவ்வளவும் சொல்லவில்லை. லூச்சியானி கதையைச் சொன்னேன். அப்புறம், எத்தனை கரு உருவாக்கப் போகிறார்கள் என்று டாக்டரிடம் முதலிலேயே கேட்டுவிடச் சொன்னேன்.